ஆவிரை ‘ஒருவகைப் பூ’வா?

சங்கப் பாட்டைப் பாடம் சொல்லும் ஆசிரியர் எவரும் ‘ஒருவகைப் பூ’ என்னும் தொடரைச் சந்திக்காமல் இருந்திருக்க முடியாது. ஞாழல் ஒருவகை மரம். பூளை ஒருவகைச் செடி. ஆவிரை ஒருவகைப் பூ. அருஞ்சொற்பொருள் என்னும் தலைப்பின்கீழ் இப்படி அச்சிட்டுவிட்டால் நூல் எழுதுவோர் கடமை முடிந்துவிடுகிறது. அதனை மனப்பாடம் செய்து தேர்வுத்தாளில் எழுதிவிட்டால் மாணவர் கடமையும் முடிந்துவிடுகிறது. இடையில் பாட்டு என்ன ஆயிற்று என்று கேட்பார் இல்லை.

அண்மையில் மாணவர்க்கென எழுதப்பெற்ற துணைநூல் ஒன்று என் பார்வைக்கு வந்தது. நூலின் பெயர் இங்கு வேண்டுவதில்லை. அதனைப் போன்றவை பல உள. குறுந்தொகையின் 173ஆம் பாட்டுக்கு அந்நூல் தரும் விளக்கத்தின் சாரம் இது: தலைவன் பனைமடலால் குதிரை செய்து, அதனைப் பொன்னிறமான ஒருவகைப் பூவால் அழகுபடுத்தி, மணி கட்டி, தலைவியின் ஊரில் ஏறிச் செல்ல நினைக்கிறான். இவ்விளக்கத்தில் பிழையான சொல் ஒன்றேனும் இல்லை. ஆயினும் இதனைப் படிக்கும் மாணவன் மனத்தில் எழும் காட்சி யாது? திருவிழாவில் ஆடும் பொய்க்கால் குதிரையின் காட்சி. பாட்டில் உள்ளதோ ஊர் நகைக்க, உடல் வருந்த, ஒருவன் தன் நாணத்தை விட்டொழிக்கும் காட்சி. சொற்பொருள் பிழையாமலே பாட்டின் பொருள் பிழைத்துவிட்டது. எங்கே பிழைத்தது என்று தேடிச் சென்றால் அந்த ‘ஒருவகைப் பூ’வில் வந்து நிற்கிறோம்.

ஒரு பூவின் பெயர் பாட்டில் வரும்போது அது யாது, எங்கே வளர்வது, எவற்றோடு சேர்த்துப் பேசப்படுவது என்னும் மூன்றையும் ஆசிரியர் அறிந்திருக்க வேண்டும். மூன்றில் ஒன்று குறைந்தாலும் கருப்பொருள் என்று தொல்காப்பியர் வகுத்துவைத்தது வெறும் பெயர்ப்பட்டியலாய்ப் போய்விடும். ஆவிரையை எடுத்துக்கொண்டு இதனை ஆராய்வோம்.

ஆவிரை யாது?

ஆவிரை என்பது ஆவாரையே. நம் பாட்டிமார் ‘ஆவாரம்பூ’ என்று சொல்லி வந்த அதே பூ. பாட்டில் ஆவிரை என்றும் வீட்டில் ஆவாரை என்றும் வழங்கும் இரண்டும் ஒன்றே என்பதைச் சொல்லாமல் விடுவதுதான் துணைநூல்களின் முதற்குறை. சிராங்கூன் சாலையில் நாட்டு மருந்துச் சரக்கு விற்கும் கடைகளில் உலர்ந்த ஆவாரம்பூவும் அதன் பொடியும் கிடைக்கின்றன. குளியற்பொடியில் அதனைக் கலக்கும் தாய்மார் இந்நகரில் உள்ளனர். 1992இல் வெளிவந்த திரைப்படம் ஒன்றுக்கே ‘ஆவாரம்பூ’ என்பதுதான் பெயர். ஆவாரை பூத்திருக்குமிடத்தில் சாவுக்கு இடமில்லை என்னும் பொருள்படப் பழமொழியும் வழங்குகிறது. இத்தனை வழியாகவும் காதில் விழுந்த ஒரு பெயரை, ‘ஆவிரை – ஒருவகைப் பூ’ என்று எழுதி மாணவனுக்கு அந்நியமாக்கிவிடுகிறோம்.

தாவர நூலார் இதனைச் சென்னா ஆரிக்குலாட்டா என்பர். லின்னேயசு 1753இல் இதற்குக் காசியா ஆரிக்குலாட்டா என்று பெயரிட்டார். பின்னர் வந்தோர் சென்னா இனத்தில் சேர்த்தனர். ஆரிக்குலாட்டா என்றால் சிறு காதுகளை உடையது என்று பொருள். இலைக்காம்பின் அடியில் காதுமடல் போன்ற இரு செதில்கள் இருப்பதால் அப்பெயர் வந்தது. இது மரம் அன்று, புதர்ச்செடி. கிளை நுனிகளில் ஐந்து இதழ் கொண்ட பெரிய மஞ்சள் பூக்கள் கொத்தாக மலரும். அவை காய்ந்தபின் தட்டையான காய்கள் தொங்கும்.

தமிழ்நாட்டின் வறண்ட வெளிகளிலும், ஆந்திர, தெலங்கானப் பகுதிகளிலும், இலங்கையின் உலர்நிலத்திலும் இது தானே முளைத்துத் தானே வளர்வது. சிங்களவர் இதனை ரணவரா என்பர். அதன் பூவை நீரில் இட்டுக் காய்ச்சிப் பருகுவர். பட்டையில் துவர்ப்புச் சத்து மிகுதியாதலால் தென்னிந்தியாவில் தோல் பதனிடுவோர் நெடுங்காலம் ஆவாரம் பட்டையையே நம்பியிருந்தனர். ஆங்கிலேயர் இதற்கு வைத்த பெயர் ‘டேனர்ஸ் காசியா’, அதாவது தோல் பதனிடுவோரின் காசியா. சங்கப் பாட்டை ஆங்கிலத்தில் பெயர்க்கப் புகுவோர் அப்பெயரை அப்படியே இட்டுவிட்டால், காதலன் மாலையில் தோற்கிடங்கின் வாடை வீசும். அகராதியில் சரியாக இருக்கும் பெயர் பாட்டில் சரியாக இருக்கும் என்று கொள்வதற்கில்லை.

மடலும் மாலையும்

இனி மடலுக்கு வருவோம். தான் விரும்பிய பெண்ணை அடையும் வழியெல்லாம் அடைபட்ட தலைவன், பனை மட்டையால் குதிரை போல ஒன்று செய்து அதன்மேல் ஏறி ஊர்த்தெருவில் வருவது மடலேறுதல். பனைமட்டையின் இரு விளிம்பிலும் அரம் போன்ற கருக்கு உண்டு. ஏறியவன் உடல் கிழியும். அவன் துன்பத்தைக் கண்டு ஊரார் அப்பெண்ணை அவனுக்கு மணம் செய்விக்க முற்படுவர் என்பது எண்ணம். அகப்பாட்டுகளில் பெரும்பாலும் தலைவன் ‘மடலேறுவேன்’ என்று அச்சுறுத்துகிறானே அன்றி ஏறுவதில்லை. கலித்தொகையில் நல்லந்துவனார் பாடிய நெய்தற்கலியில் 138 முதல் 141 வரையுள்ள பாட்டுகளில் ஏறியே வருகிறான். திருவள்ளுவர் இப்பொருளைப் பேசும் 114ஆம் அதிகாரத்துக்கு ‘நாணுத் துறவுரைத்தல்’ என்று பெயர். நாணத்தைத் துறப்பதே மடலின் உயிர் என்பதற்கு இத்தலைப்பைவிடச் சான்று வேண்டுவதில்லை.

குறுந்தொகை 17ஆம் பாட்டு பேரெயின் முறுவலார் பாடியது. காமம் முற்றினால் மக்கள் எதெதைச் செய்வர் என்று அது அடுக்கிச் சொல்கிறது. அங்கே மடல் குதிரையாகக் கொள்ளப்படுகிறது. எருக்கம் மொட்டு சூடும் பூவாகக் கொள்ளப்படுகிறது. ஒன்றைப் பிறிதொன்றாகக் கொள்ளும் இந்தப் பாவனையை அப்பாட்டே வெளிப்படையாகச் சொல்லிவிடுகிறது. குதிரை இல்லாதவனுக்கு மட்டை குதிரை. பூ இல்லாதவனுக்கு எருக்கு பூ.

இதனை மனத்தில் இருத்திக்கொண்டு மதுரைக் காஞ்சிப் புலவர் பாடிய 173ஆம் பாட்டைப் பார்க்க வேண்டும். அங்கே பொன்னை ஒத்த ஆவிரையின் புதுப்பூ மாலையாகிறது. அம்மாலை அணிவிக்கப்படுவது பனைமடற் குதிரைக்கு. குதிரைக்கு மணியும் உண்டு. செல்வர் வீட்டுக் குதிரைக்குப் பொன்னணி பூட்டி மணி கட்டுவர். இவன் குதிரைக்கும் பொன் உண்டு. அது வழியோரத்தில் பறித்த பொன். முன்னைப் பாட்டில் மட்டை குதிரையாயிற்று, எருக்கு பூவாயிற்று. இப்பாட்டில் ஆவிரை பொன்னாயிற்று. ‘பொன்னிறமான’ என்று துணைநூல் எழுதிய சொல் நிறத்தை மட்டும் சொல்கிறது. பாட்டு சொல்வது பொன்னின் இன்மையை. இத்தனையும் செய்து ஏறினால் ஊரார் முன்வந்து நின்று அவளையே பழிப்பர் என்பதையும் அத்தலைவனே கூறுகிறான். ஆகவே இது அழகுசெய்தல் அன்று. அழகுசெய்வது போன்ற அவலம்.

கலித்தொகையின் மடற்பாட்டுகளை இதனோடு வைத்துப் பார்த்தால் ஐயம் நீங்கும். அங்கே ஆவிரை தனித்து வருவதில்லை. எருக்கும் பூளையும் அதனுடன் வருகின்றன, மயிற்பீலியும் உண்டு. எருக்கு மேட்டு நிலத்துச் செடி. பூளை வழியோரத்தில் வெண்பஞ்சு போல் பூப்பது. நட்டு நீர் வார்த்து வளர்த்த பூ ஒன்றேனும் அம்மாலையில் இல்லை. முல்லையும் குவளையும் சூடவேண்டிய இளைஞன், எவரும் பறிக்கத் தடைசொல்லாத பூக்களைத் தொடுத்துக்கொண்டு தெருவில் நிற்கிறான்.

குறிஞ்சிப்பாட்டைக் காட்டி மறுப்பாருக்கு

இங்கே தமிழ் கற்றோர் ஒரு தடை எழுப்பலாம். கபிலரின் குறிஞ்சிப்பாட்டில் தலைவியும் தோழியும் பறித்துக் குவித்ததாகச் சொல்லப்படும் தொண்ணூற்றொன்பது பூக்களில் ஆவிரையும் ஒன்று. காந்தளோடும் ஆம்பலோடும் அது எண்ணப்படுகிறது. பெண்கள் விரும்பிப் பறித்த பூ எவ்வாறு இழிவின் அடையாளம் ஆகும்?

தடை வலியதே. இதற்கு ‘குறிஞ்சிப்பாட்டு வெறும் பட்டியல்’ என்று சொல்லித் தப்பித்துக்கொள்வது முறையன்று. கபிலர் ஆவிரையை விரும்பத்தக்க பூவாகவே கண்டார். மடற்பாட்டுப் புலவரும் அதன் அழகை மறைக்கவில்லை. வாடிய பூ என்னாது புதுப்பூ என்றே குறுந்தொகைப் புலவர் கூறுகிறார். ஆதலால் ஆவிரை பிறவியிலேயே இழிந்த பூ என்று கொள்வது தவறு. அப்படிச் சில கட்டுரையாளர் எழுதுவதையும் நாம் ஏற்பதற்கில்லை. பூ ஒன்றே. அது எந்தக் கூட்டத்தில், எந்த நேரத்தில், எவர் கையில் இருக்கிறது என்பதைக் கொண்டு அதன் பொருள் மாறுகிறது. அருவியாடிய மகளிர் பாறைமேல் குவித்த பூக்குவியலில் அது மகிழ்ச்சி. எருக்கோடும் பூளையோடும் பனைமட்டையில் தொங்கும்போது அது நாணிழப்பு.

எருக்குக்கும் இதே நிலைதான். பாரியைப் பாடும் புறநானூற்று 106ஆம் பாட்டில் கபிலர் எருக்கை நல்லது என்றும் தீயது என்றும் சேர்க்க முடியாத பூவாக வைத்து, அதனைக்கொண்டு வழிபட்டாலும் கடவுள் வேண்டா என்னார் என்கிறார். விநாயகர்க்கு எருக்கமாலை சாத்தும் இன்றைய வழக்கத்தை அறிந்த மாணவனுக்கு அப்பாட்டு எளிதில் விளங்கும். கடவுள் ஏற்கும் பூவைக் காதலன் சூடினால் ஊர் நகைக்கிறது. பூவில் வேறுபாடில்லை; சூடுவோரிலும் சூழலிலும் வேறுபாடு.

ஆவிரையும் பூளையும் இன்றும் ஓரிடத்தில் சேர்ந்தே காணப்படுகின்றன. பொங்கலுக்கு முன்னாள் கொங்கு நாட்டிலும் பிற இடங்களிலும் வீட்டு இறவாரத்தில் காப்புக் கட்டுவர். வேப்பிலை, ஆவாரம்பூ, பூளைப்பூ ஆகிய மூன்றையும் ஒன்றாகக் கட்டிச் செருகுவர். கலித்தொகையில் நாணிழந்தவன் மாலையில் இருந்த அதே இரண்டு பூக்கள், எருக்குக்கு ஈடாக வேம்பைத் துணைகொண்டு, வீட்டைக் காக்கும் மங்கலப் பொருள்களாகிவிட்டன. துணை மாறியது, பொருள் மாறியது. இதனை வகுப்பில் சொல்லிப் பார்த்தவன் நான். மடலேறுதலைப் பற்றி ஒரு மணி நேரம் பேசியும் விளங்காதது, காப்புக் கட்டைச் சொன்ன அளவில் மாணவர்க்கு விளங்கியது.

அண்டையால் பழி ஏற்பது ஆவிரைக்கு மட்டும் நேர்ந்ததன்று. சிங்கப்பூர்ப் பூக்கடைகளில் விற்கும் பூச்செண்டுகளில், ரோசாப் பூக்களின் இடைவெளியை நிரப்பச் சிறுசிறு மஞ்சள் பூக்கள் அடர்ந்த கொத்தைச் செருகுவதைப் பலரும் கண்டிருக்கலாம். அது கோல்டன்ராட் என்பது. தாவரப் பெயர் சாலிடாகோ. அதன் வகைகளில் மிகப் பல வட அமெரிக்காவுக்கு உரியவை. அந்நாட்டு மேற்குப் பகுதியின் வறண்ட சரிவுகளில் காடாக வளரும் வகைகளும் உண்டு. அங்கே அது பூக்கும் பருவத்தில் பலருக்கு மூக்கில் நீர் ஒழுகித் தும்மல் வரும். பழி கோல்டன்ராட்டின் மேல் விழுந்தது. உண்மையில் அதன் மகரந்தம் கனமானது, பூச்சிகள் சுமந்து செல்வது. குற்றம் அதே பருவத்தில் அருகில் பூக்கும் ராக்வீட் என்னும் செடியுடையது. அதன் பூ கண்ணில் படாது. மகரந்தமோ காற்றில் பறக்கும். கண்ணில் பட்ட பூ பழியைச் சுமந்தது. ஆயினும் நெப்ராசுக்கா மாநிலம் 1895லும் கெண்டக்கி மாநிலம் 1926லும் அதனையே தம் மாநிலப் பூவாகக் கொண்டன. நம் ஆவிரையையும் தெலங்கானா மாநிலம் 2014இல் தன் பூவாக ஏற்றது. தங்கேடு என்னும் பெயரால் பதுக்கம்மா விழாவில் அதனை அடுக்கி வழிபடுகின்றனர். வழியோரச் செடியைத் தன்னுடையது என்று ஒரு மக்கள் கூட்டம் கொண்டாடுவதும், அதே செடியைக் கொண்டு இன்மையைப் பாடுவதும் ஒன்றுக்கொன்று முரணல்ல. இரண்டும் அச்செடியோடு கூடி வாழ்ந்தோர் செயல்.

கொன்றையைக் காட்டலாமா?

இனி, சிங்கப்பூர் வகுப்பறைக்கு வருவோம். இத்தீவில் ஆண்டு மழை 2,000 மில்லிமீட்டருக்கு மேல். தமிழ்நாட்டின் ஆண்டுச் சராசரி ஏறத்தாழ அதில் பாதி. ஆவிரை விரும்பும் நிலம் இதுவன்று. ஆதலால் இந்நகரிலும், நான் பணியாற்றும் தோட்டப்புறத்திலும், மாணவர் அதனைத் தெருவோரத்தில் காண வாய்ப்பில்லை.

காணாத பூவைக் காட்டுவதற்குச் சில ஆசிரியர் குறுக்கு வழி ஒன்றை மேற்கொள்கின்றனர். சாலையோரத்தில் சரஞ்சரமாகத் தொங்கும் கொன்றையைக் காட்டி, ‘இதைப் போன்றதே’ என்று சொல்லிவிடுகின்றனர். வேறு சிலர் மஞ்சளாகப் பூக்கும் இயல்வாகை மரத்தையே கொன்றை என்று காட்டிவிடுகின்றனர். நிறம் ஒன்றாக இருப்பதால் பூவும் ஒன்றாகிவிடுமா? கொன்றை மரம், கார்காலத்தின் வரவை அறிவிப்பதாக முல்லைப் பாட்டில் வருவது, சிவபெருமான் சூடுவது. அதன் பூங்கொத்து கீழ்நோக்கித் தொங்கும். காய் நீண்ட உருளை. ஆவிரை புதர், காய் தட்டை, எந்தக் கடவுளின் அடையாளப் பூவும் அன்று. கொன்றையை மனத்தில் வைத்துக்கொண்டு மடற்பாட்டைப் படிப்பவனுக்குத் தலைவன் சிவனடியார் போலக் காட்சி தருவான்.

வேறு சிலர், ‘நம் பிள்ளைகள் காணாத செடிகளைப் பேசும் பாட்டுகள் பாடத்திட்டத்தில் எதற்கு?’ என்று கேட்கின்றனர். ஆசிரியர் கூட்டங்களில் இக்கேள்வியைப் பலமுறை கேட்டிருக்கிறேன். கேட்பவர் தமிழ்ப்பற்று இல்லாதவர் அல்லர். மாணவர் படும் பாட்டைக் கண்டு கேட்பவரே. ஆனால் இக்கேள்விக்கு இணங்கினால் முதலில் ஆவிரை போகும்; பின்பு பாலை போகும்; பின்பு கார் நாற்பது போகும். மழை நாட்டில் பிறந்த பிள்ளைக்குக் காரின் வரவு எப்படிப் புரியும் என்று கேட்கலாம் அல்லவா? கடைசியில் எஞ்சுவது அறவுரைகளும் பழமொழிகளுமே. சிங்கப்பூரில் தமிழ் நான்கு ஆட்சிமொழிகளில் ஒன்று; பள்ளியில் அதற்கு இடம் உண்டு. அவ்விடத்தில் எதனை வைக்கிறோம் என்பது நம் பொறுப்பு.

இங்குள்ளதைக் கொண்டே இல்லாததை விளக்கலாம். அதற்கு மூன்று வழிகளைச் சொல்ல விரும்புகிறேன்.

முதலாவது, சீமை அகத்தி. மலாயர் இதனைக் கெலிங்காங் என்பர். படர்தாமரைக்கு இதன் இலையை அரைத்துத் தடவுவதைத் தோட்டத்து மக்கள் நன்கு அறிவர். இதுவும் சென்னா இனத்ததே. ஆவிரைக்கு நெருங்கிய உறவு. ஈரம் மிக்க தரிசுகளில் தானே வளர்ந்து, மெழுகுவத்தி நட்டது போல் மஞ்சள் பூங்கதிரை நிமிர்த்தி நிற்கும். இதன் கிளை ஒன்றை வகுப்பில் வைத்து, ஆவிரையின் படத்தை அருகில் வைத்தால் போதும். மழை நாட்டு உறவுக்கு அகன்ற இலை. வறண்ட நாட்டு உறவுக்குச் சிற்றிலை. ஏன் என்று மாணவரே சொல்லிவிடுவர். ‘இதைப் போன்றது’ என்று மழுப்புவதற்கும், ‘இதன் உறவு, ஆனால் இன்னின்ன வகையில் வேறு’ என்று காட்டுவதற்கும் உள்ள வேறுபாட்டை ஆசிரியர் உணர வேண்டும்.

இரண்டாவது, செம்பனை மட்டை. இந்நாட்டுப் பிள்ளைகளுக்கு மட்டை என்றால் தென்னை மட்டை; அது வழவழப்பானது. அதன்மேல் ஏறி விளையாடியவர்களுக்கு மடலேறுதல் விளையாட்டாகவே தோன்றும். செம்பனை மட்டையின் விளிம்பிலோ முள் உண்டு. தோட்டத்துப் பிள்ளைகளிடம், ‘செம்பனை மட்டைமேல் உட்கார்ந்து தெருவில் இழுத்துக்கொண்டு போகச் சொன்னால் போவாயா?’ என்று கேட்டேன். வகுப்பில் சிரிப்பு அடங்கிவிட்டது. பனங்கருக்கும் செம்பனை முள்ளும் ஒன்றல்ல என்பதையும் உடனே சொல்லிவிட்டேன். ஆயினும் அதன்பின் அப்பாட்டு அவர்களுக்கு வேடிக்கையாகத் தோன்றவில்லை.

மூன்றாவது, எருக்கு. இச்செடி சிங்கப்பூரில் உண்டு. வண்ணத்துப்பூச்சிகளை ஈர்ப்பதற்காகப் பூங்காக்களில் வளர்க்கின்றனர். மடல் மாலையின் ஒரு பூவையேனும் மாணவர் நேரில் காணலாம். தேக்காவில் வாங்கிய உலர்ந்த ஆவாரம்பூவை அதனருகில் வைத்தால் மாலையின் பெரும்பகுதி கைக்கு வந்துவிடும்.

உரையாசிரியர்க்கு ஒரு வேண்டுகோள்

பழைய உரைகாரர் சில இடங்களில் சுருக்கமாக எழுதியதுண்டு. அவர்கள் காலத்துப் படிப்போர் அச்செடிகளின் நடுவே வாழ்ந்தவர்கள். ஆவிரையைக் காட்ட வேண்டிய தேவை அவர்க்கு எழவில்லை. உ. வே. சாமிநாதையர் 1937இல் குறுந்தொகையைப் பதிப்பித்தபோது, ஒவ்வொரு பாட்டுக்கும் ஒப்புமைப் பகுதிகளைத் திரட்டித் தந்தார். ஒரு பூ எந்தெந்த நூலில் எந்தெந்தத் துணையோடு வருகிறது என்று தேடுவோர்க்கு அது பெருஞ்செல்வம். பின்னர் பி. எல். சாமி முதலியோர் சங்க நூற் செடிகொடிகளைத் தாவர அறிவோடு ஆராய்ந்து எழுதினர். கருவிகள் இவ்வளவு இருக்க, இன்று துணைநூல் எழுதுவோர் பழையோரின் சுருக்கத்தை மட்டும் எடுத்துக்கொண்டு அவர்தம் உழைப்பை விட்டுவிடுகின்றனர்.

‘ஆவிரை – ஆவாரை, வறண்ட நிலத்தில் தானே வளரும் புதர்ச்செடி, பொன்னிறப் பூவினது, எருக்கு, பூளை இவற்றோடு மடலேறுவோன் மாலையில் வருவது.’ ஒரு துணைநூலில் இவ்வளவு எழுத இரண்டு வரி போதும். தேர்விலும், ‘ஆவிரை என்பதன் பொருள் யாது?’ என்று கேட்பதை விடுத்து, ‘தலைவன் முல்லையைச் சூடாமல் ஆவிரையை ஏன் தேர்ந்தான்?’ என்று கேட்கலாம். முதல் வினாவுக்கு மனப்பாடம் போதும். இரண்டாவதற்குப் பாட்டைப் படித்திருக்க வேண்டும்.

இவ்விரண்டு மாற்றங்களையும் செய்யப் பெரும்பொருள் வேண்டா. குழு அமைக்கவும் வேண்டா. பாடநூலும் துணைநூலும் எழுதும் நண்பர்கள் அடுத்த பதிப்பை அச்சுக்கு அனுப்புமுன் ‘ஒருவகை’ என்னும் சொல் வரும் இடங்களையெல்லாம் ஒருமுறை பார்த்துத் திருத்துவார்களாக. அதுவரை அவ்விடங்களை நிரப்புவது வகுப்பில் நிற்கும் நம் கடமை.